37 வயதில் கிடைத்த சட்டை



போன மாதம் உறவினர் ஒருவர் அழைத்தார் என்று ஒரு தோட்டத்துத் திருவிழாவுக்குப் போயிருந்தேன். முன்பு பால்மரக் காடாக இருந்து இப்போது செம்பனையாக மாறிவிட்ட தோட்டம். லயங்களில் பாதி வீடுகள் பூட்டிக் கிடக்கின்றன. மீதியில் பாதி நம் குடும்பங்கள், பாதி வெளிநாட்டுத் தொழிலாளர்கள். ஆனாலும் திருவிழா என்றால் டவுனுக்குப் போய்விட்ட பிள்ளைகள் எல்லாம் வந்துவிடுகிறார்கள். காலையில் பால்குடம், மதியம் அன்னதானம், மாலையில் திடலில் எழுவர் காற்பந்து.

தோட்டத்துக் குழுவில் ஓர் ஆள் குறைந்தது. ஜொகூர் பாருவிலிருந்து வரவேண்டிய பையன் ஒருவனுக்கு லீவு கிடைக்கவில்லையாம். அந்த இடத்தில் பங்களாதேஷிலிருந்து வந்து குலை வெட்டும் வேலை செய்கிற ஓர் இளைஞனை இறக்கிவிட்டார்கள். முதல் ஆட்டத்திலேயே 2 கோல் போட்டான். இரண்டாவது ஆட்டம் தொடங்குவதற்குள் எதிர்க்குழு பொறுப்பாளர் மேசைக்கு வந்துவிட்டார்.

“என்ன அண்ணே இது? நம்ம தோட்டத்துப் பிள்ளைங்களுக்குன்னுதானே கிண்ணம் வெச்சீங்க? வெளிநாட்டு ஆள இறக்கினா நாங்க ஆட மாட்டோம்.”

அரைமணி நேரம் வாக்குவாதம். கடைசியில் அந்த இளைஞனை உட்காரச் சொன்னார்கள். அவன் ஒன்றும் பேசவில்லை. சட்டையைக் கழற்றி, மடித்து, மேசைமேல் வைத்துவிட்டுப் போய்க் கோல் கம்பத்துக்குப் பின்னால் உட்கார்ந்துகொண்டான். அதன்பிறகு பந்து காட்டுக்குள் போனபோதெல்லாம் ஓடிப்போய் எடுத்து வந்து கொடுத்தவன் அவன்தான்.

என் பக்கத்தில் ஒரு பெரியவர் உட்கார்ந்திருந்தார். அந்தத் தோட்டத்திலேயே 40 வருடத்துக்கு மேல் பால் வெட்டியவர். மெல்லச் சொன்னார்: “எனக்கும் இந்த மாதிரி ஒரு காலம் இருந்துச்சு தம்பி. சட்டையக் கழட்டச் சொல்லல. கார்டு என்ன கலருன்னு கேட்டாங்க.”

ஒன்பது வயதில் அப்பா கையைப் பிடித்துக்கொண்டு நாகப்பட்டினத்தில் ரஜுலா கப்பல் ஏறிப் பினாங்கில் இறங்கியவர் அவர். பெரட்டுக்கு நின்றதும், கல்யாணம் செய்ததும், ஐந்து பிள்ளைகள் பெற்றதும், மனைவியைப் புதைத்ததும் இந்த மண்ணில்தான். ஆனால் நீலக் கார்டு கையில் வந்தபோது அவருக்கு வயது 61. அதுவரை சிவப்பு.

அன்று இரவு பஸ்ஸில் திரும்பும்போது எனக்கு இன்னொரு மனிதரின் நினைவு வந்தது. அவரும் வேறொரு நாட்டிலிருந்து வந்தவர். அவரும் வருடக்கணக்கில் உழைத்த பிறகே அட்டையைப் பெற்றவர். நமக்கு எதிராகவும் கோல் போட்டவர். சிங்கப்பூர் ஆட்டக்காரர் அலெக்சாண்டர் டுரிச். இந்த மாதம் அவர் கதையைத்தான் சொல்லப் போகிறேன்.

ஆற்றோரத்துப் பிள்ளை

ஐரோப்பாவில் முன்பு யூகோஸ்லாவியா என்று ஒரு நாடு இருந்தது. அதன் ஒரு பகுதி போஸ்னியா. அங்கே போஸ்னா என்ற ஆற்றின் கரையில் டோபோய் என்று ஓர் ஊர். டுரிச் 1970 ஆகஸ்டில் அந்த வட்டாரத்தில் பிறந்தார்.

சிறு வயதில் பந்தும் ஆடினார், படகும் வலித்தார். முதலில் அவருக்குப் பெயர் வாங்கித் தந்தது படகுதான். நம் ஊரில் நாம் பார்க்கும் சம்பான் போன்றதல்ல அது. ஒடுங்கிய, நீண்ட, ஓர் ஆள் மட்டும் போகும் ஓடம். ஒரு முழங்காலை மண்டியிட்டு ஊன்றி, ஒற்றைத் துடுப்பால் ஒரு பக்கம் மட்டுமே வலித்துக்கொண்டு நேராகப் போகவேண்டும். கொஞ்சம் அசந்தாலும் ஓடம் கவிழ்ந்துவிடும். தொடை, முதுகு, மூச்சு மூன்றும் இரும்பாக இருந்தால்தான் முடியும். 40 வயதுக்குப் பிறகும் அவரால் ஓட முடிந்ததற்கு அஸ்திவாரம் அந்த ஆற்றில் போட்டதாகத்தான் இருக்கவேண்டும்.

1991-ல் யூகோஸ்லாவியா உடையத் தொடங்கியது. 1992 ஏப்ரலில் போஸ்னியாவில் போர் மூண்டது. அந்தப் போரைப் பற்றி நம் மக்களுக்குச் சொல்லவேண்டுமானால் இப்படித்தான் சொல்லவேண்டும்: ஒரே லயத்தில் சுவரோடு சுவராகக் குடியிருந்தவர்கள், ஏறக்குறைய ஒரே மொழி பேசியவர்கள், ஒருவர் வீட்டுக் கல்யாணத்தில் இன்னொருவர் பந்தி பரிமாறியவர்கள், நீ எந்த இனம், எந்த மதம் என்று கேட்டுத் துப்பாக்கி தூக்கினார்கள். 1995-ல் சமாதானம் ஏற்படுவதற்குள் ஏறக்குறைய 1 லட்சம் பேர் இறந்துபோனார்கள்.

டுரிச் அந்தத் தீயிலிருந்து தப்பி ஹங்கேரி நாட்டுக்குப் போய்ச் சேர்ந்தார். வயது 21. அகதி.

பத்துப் பேரில் ஒருவர்

அந்த 1992-ல் பார்சிலோனாவில் ஒலிம்பிக். புதிதாகப் பிறந்திருந்த போஸ்னியா முதன்முதலாகத் தன் பெயரில் ஆட்களை அனுப்பியது. தலைநகர் சரயேவோவைச் சுற்றிலும் பீரங்கிகள் நின்ற நேரம். அப்படியும் 10 பேர் போனார்கள். அந்தப் பத்துப் பேரில் ஒருவர் டுரிச். 500 மீட்டர் ஒற்றையர் ஓடப் போட்டியில் கலந்துகொண்டார்.

பதக்கம் கிடைத்ததா என்று கேட்பீர்கள். இல்லை. இறுதிச் சுற்றுக்குக்கூடப் போகவில்லை. பயிற்சிக்கு இடமில்லாமல், நாளைக்கு எங்கே படுப்போம் என்று தெரியாமல் இருந்தவர் எப்படி வெல்ல முடியும்? ஆனால் போரில் எரிந்துகொண்டிருந்த ஒரு நாட்டின் பெயரை நெஞ்சில் தாங்கிப் போனாரே, அதுவே பெரிய காரியம்.

அடுத்த வருடம், 1993-ல், போர் அவருடைய தாயைக் கொன்றது. மகன் அப்போது தூர தேசத்தில். பெற்றவள் சாவுக்குப் போக முடியாத பிள்ளையின் வேதனையை நம்மவர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. கப்பல் ஏறி வந்த நம் தாத்தா பாட்டிகளில் எத்தனை பேர், ஊரிலிருந்து வந்த கடிதத்தில் மட்டுமே தாயின் சாவை அறிந்து, லயத்துக் கொல்லையில் தலைமுழுகினார்கள்!

துடுப்பை வைத்துவிட்டு அவர் பந்தைப் பிடித்தார். 1990-களின் நடுவில் ஆஸ்திரேலியா போனார். குழு விட்டுக் குழு மாறி ஆடினார். நிலையாக வேர் பிடிக்கவில்லை. வருடங்கள் ஓடின. 30 வயது நெருங்கிவிட்டது. காற்பந்தில் முன்வரிசை ஆட்டக்காரருக்கு 30 என்பது தோட்டத்தில் ஓய்வு பெறும் வயது மாதிரி. இனிமேல் இறக்கம்தான் என்று எல்லாரும் சொல்லுகிற வயது.

தஞ்சோங் பகாருக்கு வந்தவர்

இந்த இடத்தில் சிங்கப்பூர்க் கதையைக் கொஞ்சம் சொல்லவேண்டும். மலேசியக் கிண்ணத்தில் சிங்கப்பூர் ஆடிய காலத்தை நம் வாசகர்கள் மறந்திருக்க மாட்டார்கள். ரேடியோவைச் சுற்றி லயமே கூடி நிற்கும். 1994-ல் சிங்கப்பூர் இறுதி ஆட்டத்தில் பகாங்கை 4-0 என்று தோற்கடித்துக் கிண்ணத்தைத் தூக்கியது. அதோடு மலேசியப் போட்டிகளிலிருந்து விலகியது. 1996-ல் எஸ்-லீக் என்று சொந்தமாக ஒரு லீக் தொடங்கியது. அதில் ஆட வெளிநாட்டிலிருந்தும் ஆட்களை எடுத்தார்கள்.

அப்படி 1999-ல் தஞ்சோங் பகார் யுனைடெட் குழுவுக்கு ஆட வந்தார் டுரிச். ஒப்பந்தக் கூலிதான். குழுவுக்குப் பிடிக்கவில்லையென்றால் வருட முடிவில் மூட்டை கட்டவேண்டியதுதான். அடுத்த வருடம் ஹோம் யுனைடெட். அதற்கடுத்த வருடம் கேலாங் யுனைடெட். 2001-ல் கேலாங் லீக்கை வென்றது. 2005-ல் சிங்கப்பூர் ஆயுதப் படை அணிக்குப் போனார். அந்த அணி 2006 முதல் 2009 வரை தொடர்ந்து 4 வருடம் லீக்கை வென்றது. 2010-ல் தெம்பனிஸ் ரோவர்ஸ். அதுவும் 2011, 2012, 2013 என்று மூன்று முறை வென்றது. கூட்டிப் பாருங்கள், 8 லீக் வெற்றிகள். 300-க்கும் மேற்பட்ட கோல்கள்.

ஒன்றைக் கவனியுங்கள். இந்த எட்டில் ஏழு வெற்றிகள் அவருக்கு 35 வயது தாண்டிய பிறகு வந்தவை. 37 வயதை எட்டிய 2007-ல் மட்டும் லீக்கில் 37 கோல் போட்டார். அந்த வருடமும், அடுத்த இரண்டு வருடங்களும், லீக்கில் ஆக அதிகக் கோல் போட்டவர் அவர்தான். தம்மைவிடப் பதினைந்து வயது இளைய தடுப்பாளர்களோடு மோதிக்கொண்டு இதைச் செய்தார்.

இதில் மந்திரம் எதுவும் இல்லை. நேரத்தோடு தூங்கி, நேரத்தோடு எழுந்து, உடம்பைக் கெடுத்துக்கொள்ளாமல், பயிற்சியை ஒரு நாளும் விடாமல் இருந்தால் மட்டுமே இது முடியும். சம்பள நாளன்று கடையே கதி என்று கிடக்கும் நம் தம்பிமார்கள் இந்த இடத்தை இரண்டு முறை படிக்கவேண்டும்.

கேட்டுப் பெற்ற பிரஜாவுரிமை

வெளிநாட்டு விளையாட்டுத் திறனாளர்களைக் கொண்டுவந்து பிரஜாவுரிமை கொடுக்கும் திட்டம் ஒன்றைச் சிங்கப்பூர் 1993-ல் தொடங்கியது. மேசைப் பந்து, பூப்பந்து, காற்பந்து எல்லாவற்றிலும் அதன் வழியே ஆட்கள் வந்தார்கள். சிலர் நல்லபடி ஆடினார்கள், நிலைத்தார்கள். சிலர் ஆட்டம் முடிந்ததும் பாஸ்போர்ட்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டுப் புறப்பட்டுப் போனார்கள். அதில் ஜனங்களுக்கு மனக்கசப்பு உண்டு.

டுரிச் அந்தத் திட்டத்தின் வழியே வந்தவர் அல்லர். அவரை யாரும் கூப்பிட்டுக் கொடுக்கவில்லை. அங்கேயே வாழ்ந்து, மனைவி மக்களோடு குடும்பம் நடத்தி, தாமாகவே மனுப் போட்டார். கிடைக்கவில்லை. மீண்டும் போட்டார். வயதோ ஏறிக்கொண்டே போனது. வேறொருவராக இருந்தால், “போங்கடா, உங்கள் அட்டையும் வேண்டாம், ஆட்டமும் வேண்டாம்” என்று போயிருப்பார். 2007-ல்தான் கிடைத்தது.

இங்கே ஒரு விஷயம். நம் நாட்டில் நீலக் கார்டு என்றால் பிரஜை, சிவப்பு என்றால் நிரந்தரவாசி. சிங்கப்பூரில் நீலம்தான் நிரந்தரவாசிக்கு, பிரஜைக்கு இளஞ்சிவப்பு. கடற்பாலத்துக்கு இந்தப் பக்கம் ஒரு கலர், அந்தப் பக்கம் ஒரு கலர். ஆனால் அந்தக் கலருக்காக மனிதன் காத்துக் கிடப்பது மட்டும் இரண்டு பக்கமும் ஒன்றுதான். ஆற்றிலே ஒரு கால் சேற்றிலே ஒரு கால் என்று இருக்கவும் வழியில்லை. இரட்டைப் பிரஜாவுரிமையை இரண்டு நாடுகளும் ஒப்புக்கொள்வதில்லை. வேறு நாட்டு உரிமை கையில் இருந்தால் அதை விட்டுவிட்டுத்தான் வரவேண்டும். இறங்கிய ஓடத்தைக் கரையில் எரித்துவிட்டு வருகிற மாதிரி.

2007 நவம்பரில் உலகக் கிண்ணத் தகுதிச் சுற்று ஆட்டம். சிங்கப்பூருக்கு எதிரி தஜிகிஸ்தான். தேசிய அணியின் சட்டையை டுரிச் முதன்முதலாகப் போட்டார். வயது 37. அந்த வயதில் பெரும்பாலான ஆட்டக்காரர்கள் பூட்ஸை ஆணியில் மாட்டிவிட்டுப் பயிற்சியாளர் வேலை தேடிக்கொண்டிருப்பார்கள். சிங்கப்பூர் 2-0 என்று வென்றது. இரண்டு கோலும் அவர் போட்டவை.

பிறகு தேசிய அணியின் தலைவர் பட்டையையும் கையில் கட்டினார். வேறு மண்ணில் பிறந்த ஒருவரின் பின்னால் அந்த நாட்டுப் பிள்ளைகள் வரிசையாகத் திடலுக்குள் நடந்து வந்தார்கள்.

நமக்கு எதிராக ஆடியபோது

மலேசிய ரசிகர்களான நமக்கு அவர் கொடுத்த வலியையும் சொல்லத்தான் வேண்டும். 2011 ஜூலையில் உலகக் கிண்ணத் தகுதிச் சுற்றில் இரு நாடுகளும் மோதின. ஜாலான் புசார் திடலில் முதல் நிமிடத்திலேயே நம் சாஃபி சாலி கோல் போட்டார். நாம் துள்ளிக் குதித்தோம். முடிவு? சிங்கப்பூர் 5, மலேசியா 3. டுரிச் பங்கு 2 கோல். புக்கிட் ஜாலிலில் நடந்த இரண்டாவது ஆட்டம் 1-1. நாம் வெளியே.

அடுத்து 2012 நவம்பர் 25. ஆசியான் கிண்ணப் போட்டி, புக்கிட் ஜாலில். 2010-ல் கிண்ணத்தை வென்றவர்கள் நாம். சொந்த நாட்டு அரங்கம், ஆயிரக்கணக்கான மஞ்சள் சட்டைகள். ஷாரில் இஷாக் இரண்டு கோல் போட்டார். மூன்றாவது கோல் டுரிச். 3-0. என் வீட்டில் டிவிக்கு முன்னால் இருந்த பிள்ளைகள், “அந்தத் தாத்தாவ யாரும் பிடிக்க மாட்டாங்களா?” என்று கத்தினார்கள். உண்மைதான், அப்போது அவருக்கு வயது 42.

அந்த வருட டிசம்பரில் தாய்லாந்தை இரண்டு ஆட்டங்களில் 3-2 என்ற கணக்கில் வென்று சிங்கப்பூர் நான்காவது முறையாகக் கிண்ணத்தைத் தூக்கியது. அதோடு டுரிச் தேசிய அணியிலிருந்து விடைபெற்றார். 5 வருடங்களில் 50-க்கும் மேற்பட்ட ஆட்டங்கள், 20-க்கும் மேற்பட்ட கோல்கள். பலர் 20 வயதில் தொடங்கிச் சேர்க்காத கணக்கை இவர் 37-ல் தொடங்கிச் சேர்த்தார். லீக்கில் 2014 வரை, 44 வயது வரை, ஆடினார். பிறகும் நாட்டை விட்டுப் போகவில்லை. அங்கேயே சிறுவர்களுக்குக் காற்பந்து சொல்லிக் கொடுக்கும் பணிக்குப் போனார். அவருடைய வாழ்க்கைக் கதை 2016-ல் புத்தகமாகவும் வந்தது.

நியாயம் எந்தப் பக்கம்?

சரி, திருவிழாத் திடலுக்குத் திரும்புவோம். அந்த எதிர்க்குழுப் பொறுப்பாளர் கேட்டதில் நியாயமே இல்லையா? இருக்கிறது. அதையும் மறைக்காமல் எழுதவேண்டும்.

வெளியிலிருந்து ஆள் கொண்டுவந்து முன்வரிசையை நிரப்பிவிட்டால், நம் தெருவில் பந்து உதைக்கும் பையனுக்கு யார் இடம் கொடுப்பார்கள்? கோல் கம்பத்துக்கிடையில் ஆறுமுகம் நின்ற காலத்தை நினைத்துப் பாருங்கள். அன்று பள்ளித் திடலிலும் தோட்டத்துத் திடலிலும் ஆட்களைத் தேடினார்கள். 1998-ல் சிங்கப்பூருக்கு முதல் ஆசியான் கிண்ணத்தை வாங்கித் தந்த அந்த ஒரே கோலைப் போட்டவர் ஆர். சசிகுமார் என்பதையும் மறக்க வேண்டாம். பிள்ளைகளை வளர்க்காமல் ஆட்களை வாங்கிக்கொண்டே இருந்தால், வாங்கிய ஆள் போன பிறகு திடல் காலியாகிவிடும். 2012-க்குப் பிறகு 2024 வரை நடந்த ஆசியான் போட்டிகள் எதிலும் சிங்கப்பூர் கிண்ணத்தைத் திரும்பத் தொடவில்லை என்பதும் யோசிக்கவேண்டிய விஷயம்.

நம் நாட்டிலும் இந்தப் பேச்சு இருக்கிறது. கேம்பியாவில் பிறந்து, இளவயதில் இங்கே வந்து வளர்ந்த முகமது சுமாரே 2018-ல் பிரஜையாகித் தேசிய அணியில் ஆடினார். ஜனங்கள் அவரை ஏற்றுக்கொண்டார்கள். காரணம், அவர் இங்கே வாழ்ந்தவர். ஆனால் 2025 செப்டம்பரில் என்ன நடந்தது? நம் தேசிய அணியில் சேர்க்கப்பட்ட, வெளிநாட்டில் பிறந்த 7 பேரின் பாட்டன் பாட்டி இங்கே பிறந்தவர்கள் என்று காட்டிய பத்திரங்கள் போலியானவை என்று உலகக் காற்பந்துச் சம்மேளனமான ஃபிஃபா தீர்ப்புச் சொன்னது. ஆட்டக்காரர்களுக்குத் தடை, சங்கத்துக்கு அபராதம். மேல்முறையீடு, விசாரணை என்று அது தனிக் கதையாகப் போயிற்று.

நான் சொல்ல வருவது இதுதான். தாத்தா இங்கே பிறந்தார் என்று காட்ட ஒரு தாளைத் தேடுவது ஒரு வழி. வந்து, வாழ்ந்து, வரி கட்டி, வியர்வை சிந்தி, “நானும் உங்களில் ஒருவன், என்னைச் சேர்த்துக்கொள்ளுங்கள்” என்று வாசலில் நின்று கேட்பது இன்னொரு வழி. டுரிச் இரண்டாவது வழியில் வந்தவர். தாத்தா பேரில் தாள் இல்லாதவர். அவர் காட்டியதெல்லாம் 8 வருட உழைப்பை. சிங்கப்பூர் ஜனங்கள் அவரைத் தங்கள் ஆளாக நினைத்ததற்குக் காரணம் கோல் மட்டுமல்ல. முதலில் கொடுத்தார், பிறகு கேட்டார்.

இந்த வழி நமக்குப் புதிதா? நம் முன்னோர்கள் வந்த வழியே அதுதானே! காட்டை வெட்டினார்கள், கன்று நட்டார்கள், பால் எடுத்தார்கள், ரோடு போட்டார்கள், ரயில் தண்டவாளம் போட்டார்கள். பிறகுதான் பிரஜாவுரிமை கேட்டார்கள். கேட்டும் எத்தனை பேருக்குக் கிடைக்கவில்லை! 1969-க்குப் பிறகு வேலை பெர்மிட் வந்தபோது, சிவப்புக் கார்டுக்காரர்கள் ஆயிரக்கணக்கில் கப்பலேறித் திரும்பினார்களே! தண்டவாளம் போட்டவனுக்குத் தங்க இடமில்லை என்றார்களே! அந்த வலியை நம் வீடுகளில் இன்னும் பேசுகிறோம். அதே வாயால் இன்று திடலில் ஒருவனைப் பார்த்து, “நீ வெளிநாட்டு ஆள், சட்டையைக் கழற்று” என்று சொல்லலாமா?

ஆனால் ஒன்று. உலகம் டுரிச்சுக்குத் திறந்த கதவைக் குலை வெட்டுகிறவனுக்குத் திறப்பதில்லை. கோல் போடுபவன் காத்திருந்தால் ஒருநாள் அட்டை கிடைக்கும். கூலி வேலைக்கு வருகிறவன் ஒப்பந்தம் முடிந்ததும் ஊர் திரும்பவேண்டும். அந்தச் சட்டத்தை நீங்களும் நானும் மாற்ற முடியாது. ஆனால் திருவிழாவில் ஓர் எழுவர் ஆட்டத்துக்குப் பாஸ்போர்ட் பார்க்கவேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. தோட்டத்துக் குழு என்றால் தோட்டத்தில் வேலை செய்கிறவர்களின் குழு. அவனும் அதே பெரட்டில் நிற்கிறவன்தானே? நம் பிள்ளைகளுக்கு முதல் இடம் கொடுங்கள். அது நியாயம். ஆள் குறையும்போது அவனையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அதுவும் நியாயம்.

வீட்டுக்கு ஒரு வார்த்தை

இந்தக் கதையிலிருந்து இன்னொரு பாடமும் உண்டு. கேட்காதவனுக்கு எதுவும் வராது. அடி மேல் அடி வைத்தால்தான் அம்மி நகரும். இன்றும் நம் குடும்பங்களில் பிறப்புப் பத்திரம் இல்லாத பிள்ளைகள் இருக்கிறார்கள். பதிவுத் திருமணம் செய்யாமல் கோயில் தாலியோடு விட்டுவிட்டு, பிள்ளையைப் பள்ளியில் சேர்க்கும்போது திண்டாடுகிறவர்கள் இருக்கிறார்கள். அதிலும் தாய் வெளிநாட்டுப் பெண்ணாக இருந்து, கல்யாணமும் பதிவாகவில்லையென்றால் பிள்ளையின் பிரஜாவுரிமைக்கே சிக்கல். ஒருமுறை ஆபிசுக்குப் போய், “நாளைக்கு வா” என்று சொன்னதும் மனம் ஒடிந்து திரும்பி வந்துவிடாதீர்கள். கல்யாணத்தைப் பதிவு செய்யுங்கள். பிள்ளை பிறந்ததும் காலம் தாழ்த்தாமல் பத்திரம் எடுங்கள். 12 வயதானால் மைகார்டு எடுங்கள். சிவப்புக் கார்டோடு இருக்கும் தாத்தா பாட்டி வீட்டில் இருந்தால், படித்த பேரன் பேத்திகள் அவர்களுக்காக மனுவை எழுதிக் கொடுத்து, கூடவே போய் வரிசையில் நில்லுங்கள். கிடைக்கவில்லையென்றால் மறுபடியும் எழுதுங்கள். 37 வயதில் ஒருவருக்குச் சட்டை கிடைத்தது. 61 வயதில் ஒருவருக்குக் கார்டு கிடைத்தது. உங்களுக்கும் கிடைக்கும்.

அன்று அந்தத் திடலில் ஆட்டம் முடிந்தது. ஆறு பேரோடு ஆடிய தோட்டத்துக் குழு தோற்றுப்போனது. இருட்டத் தொடங்கியதும் எல்லாரும் கோயில் பக்கம் நகர்ந்தார்கள். பெரியவர் எழுந்து, கோல் கம்பத்துப் பக்கமிருந்து பந்தோடு வந்த அந்த இளைஞனைப் பார்த்தார். பிறகு பக்கத்தில் நின்ற பையன்களிடம் கேட்டார்: “இவன் பேரு என்னடா?”

ஒருவருக்கொருவர் முகத்தைப் பார்த்துக்கொண்டார்கள். “எல்லாரும் பங்ளான்னுதான் கூப்பிடுவோம் தாத்தா.”

“எத்தன வருசமா இங்க இருக்கான்?”

“நாலு வருசம் இருக்கும்.”

பெரியவர் ஒன்றும் சொல்லவில்லை. அவனருகே போய், தோளில் கை வைத்து, மலாயில் பெயர் கேட்டார். அவன் சொன்னான். “சாப்பிட்டியா? வா, பந்தியில உக்காரு” என்று கோயிலுக்குக் கூட்டிக்கொண்டு போனார்.

அடுத்த வருடத் திருவிழாவுக்கு நானும் போவதாக இருக்கிறேன். ஆட்டக்காரர் பட்டியலில் அந்தப் பெயர் இருக்கிறதா என்று பார்த்து எழுதுகிறேன். உங்கள் தோட்டத்தில், உங்கள் தாமானில், இப்படிப் பெயர் தெரியாமல் நாம் பழகுகிறவர்கள் எத்தனை பேர்? இந்த மாதம் ஒருவருடைய பெயரையாவது கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.